வேப்பிலை கட்டிய ஐந்தாம் மாடி

இந்த ஊரில் ஒருவர் பஸ்ஸில் தும்மினால், பக்கத்தில் இருப்பவர் விலகி உட்கார மாட்டார். என்ன மருந்து சாப்பிட வேண்டும் என்று சொல்லுவார். முன் இருக்கைக்காரர் திரும்பி, அந்த மருந்தெல்லாம் சுத்த வேஸ்ட், ஹோமியோபதியில் ஒன்று இருக்கிறது, நாக்கில் நாலு உருண்டை போட்டால் போதும் என்பார். கண்டக்டர் தன் பங்குக்கு, ராத்திரி ஃபேன் போட்டுக்கொண்டு தூங்கினீர்களா என்று விசாரிப்பார். நான் கொல்கத்தாவுக்கு வந்த முதல் குளிர்காலத்தில் கத்திரிக்காய் விற்கிற அம்மாள் ஒருத்தி என்னை ஏற இறங்கப் பார்த்துவிட்டு, காயை நிறுப்பதற்கு முன்னால் என் முந்தானையை எடுத்து என் காதைச் சுற்றி மூடிவிட்டாள். எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. தூத்துக்குடி வெயிலில் வளர்ந்தவளுக்குக் குளிரத்தான் செய்தது. ஆனால் முன்பின் தெரியாத ஒருத்தி என்மேல் கை வைப்பாள் என்று நான் எதிர்பார்க்கவில்லை. எங்கள் ஊரில் மேலுக்கு முடியவில்லை என்றால் தெரிந்தவர்கள்தான் கேட்பார்கள், அதுவும் கேட்டுவிட்டுப் போய்விடுவார்கள். இங்கே தெருவே டாக்டர். முதலில் எரிச்சலாக இருந்தது, பிறகு பழகிற்று, பிறகு அது இல்லாமல் முடியாது என்று ஆகிவிட்டது. உறவு என்று ஒருவரும் இல்லாத ஊரில், இருமினால் கேட்க ஆள் இருக்கிறது என்பது பெரிய விஷயம். வெளியூரில் குப்பை கொட்டுகிறவர்களுக்கு நான் சொல்வது புரியும்.

இந்தத் தை மாதத்திலிருந்து எங்கள் வீட்டில் யார் இருமினாலும் இந்தக் கட்டடத்தில் ஒருவரும் மருந்து சொல்வதில்லை. நான் குப்பைப் பையை எடுத்துக்கொண்டு கீழே போனால், பார்க்கில் உட்கார்ந்திருக்கும் பெண்களின் பேச்சு சட்டென்று நின்றுவிடுகிறது. சிரிக்கிறார்கள். நானும் சிரிக்கிறேன். அவ்வளவுதான்.

நாங்கள் நியூ டவுனில் ஒரு அடுக்குமாடிக் குடியிருப்பில் ஐந்தாம் மாடியில் இருக்கிறோம். என் கணவர் துறைமுகம் சம்பந்தப்பட்ட மத்திய அரசு அலுவலகம் ஒன்றில் வேலை பார்க்கிறார். மாற்றலில் வந்தோம், இரண்டு வருஷத்தில் திரும்பிவிடலாம் என்று பாத்திரங்களைக்கூட முழுசாகப் பிரிக்காமல் வைத்திருந்தேன். பன்னிரண்டு வருஷம் ஆகிவிட்டது. மகள் பூரணி கல்லூரியில் படிக்கிறாள். அவள் தூக்கத்தில் பேசுவதும் வங்காளத்தில்தான். தமிழில் பேசச் சொன்னால் "அம்மா, ப்ளீஸ்" என்பாள். எனக்கு வங்காளம் பேச வரும், வாசிக்க வராது. எதிர்வீட்டில் மிதாலிதி. மிதாலி அக்கா என்பதை இங்கே அப்படிச் சேர்த்துச் சொல்வார்கள். அறுபது வயது, கணவர் இல்லை, ஒரே மகன் சிங்கப்பூரில். வடிவு என்ற என் பெயரை முதல் நாளே பொடிபு ஆக்கிவிட்டார், நானும் அப்படியே திரும்பிப் பார்க்கப் பழகிவிட்டேன்.

ஊரில் எனக்கு மிச்சம் இருப்பது தம்பி ஒருவன்தான். கதிர். அப்பா அம்மா இரண்டு பேரும் போய்விட்டார்கள். முப்பத்தாறு வயது வரைக்கும் அவனுக்குப் பெண் அமையவில்லை. ஜாதகம் பொருந்தினால் வேலை பிடிக்காது, வேலை பிடித்தால் தலைமுடி போதாது. நான் இங்கிருந்து தரகரோடு போனில் மல்லுக்கட்டினேன், ஒவ்வொரு லீவுக்கும் போய்ப் பெண் பார்த்துவிட்டு வெறுங்கையோடு திரும்பினேன். போன கார்த்திகையில் ஒருவழியாக நிச்சயம் ஆயிற்று. கல்யாணம் தை மாதம், வளர்பிறைப் பஞ்சமியில். மாப்பிள்ளை தாலியில் இரண்டு முடிச்சுப் போடுவான், மூன்றாவது முடிச்சை அவன் கூடப் பிறந்தவள் போட வேண்டும். நம்மில் பெரும்பாலான வீடுகளில் இருக்கிற முறைதான். அந்த மூன்றாவது முடிச்சைப் போடுவதற்கு இந்த உலகத்தில் என்னை விட்டால் ஆள் கிடையாது என்று நான் நினைத்துக்கொண்டிருந்தேன். டிக்கெட் எடுத்து, பட்டுப்புடவை எடுத்து, கொல்கத்தாவிலிருந்து பெண்ணுக்கென்று தாந்த் என்கிற கைத்தறிச் சேலை ஒன்றும் வாங்கி வைத்திருந்தேன்.

பொங்கலுக்கு ஒன்றிரண்டு நாள் முன்பு நிபா செய்தி வந்தது. கொல்கத்தாவுக்குப் பக்கத்திலேயே யாருக்கோ அந்த வைரஸ் என்றார்கள். வௌவாலிடமிருந்து வருகிறது, மூளையைத் தாக்குகிறது, மருந்து இல்லை. கொரோனாவைப் பார்த்து முடித்தவர்களுக்கு இதெல்லாம் பழகியிருக்க வேண்டும். பழகவில்லை. இங்கே குளிர்காலம் என்றால் பேரீச்ச மரத்தில் பானை கட்டி இறக்குகிற ரஸ்தான். நம் பதநீருக்கு ஒன்றுவிட்ட தம்பி மாதிரி இருக்கும். சுண்ணாம்பு வாசனை மட்டும் இருக்காது. விடியற்காலையில் பச்சையாகக் குடிப்பார்கள். வௌவால் அந்தப் பானையில் வாய் வைக்கும், அதன் வழியாகத்தான் வருகிறது என்று டிவியில் சொன்னதும், முந்தின வாரம் வரை பாட்டில் பாட்டிலாக வாங்கிக் குடித்தவர்கள், காய்ச்சி எடுத்த வெல்லத்தில் செய்த சந்தேஷ் இனிப்பைக்கூடத் தொடாமல் வைத்துவிட்டார்கள். கொதித்தது பாவம் என்ன செய்யும் என்று கேட்டால் முறைத்தார்கள். அதோடு இன்னொரு பேச்சும் கிளம்பிற்று. இது கேரளாவில்தானே அடிக்கடி வரும், அங்கேயிருந்துதான் யாரோ கொண்டுவந்திருக்க வேண்டும் என்று. அதே வாரம் தூத்துக்குடியில் அதற்கு என்ன பெயர் தெரியுமா? வங்காளக் காய்ச்சல். கதிர் போனில் சொன்னான், நானும் சிரித்தேன். எந்த ஊரிலும் நோய் அந்த ஊரில் பிறப்பதில்லை போலிருக்கிறது, எப்போதும் வேறு எங்கிருந்தோ வந்து சேருகிறது.

பொங்கல் கழிந்த மறுநாள் இவருக்குக் காய்ச்சல் வந்தது. சாதாரணக் காய்ச்சல் இல்லை. தலைவலியில் கண்ணைத் திறக்க முடியவில்லை, கேட்ட கேள்விக்குச் சம்பந்தமில்லாமல் பதில் சொன்னார். பூரணிதான் கார் பிடித்து ஒரு தனியார் ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப்போனாள். அங்கே இருந்த டாக்டர் சின்னப் பையன், தலையிலிருந்து கால்வரை உறை போட்டிருந்தான். பச்சை ரஸ் குடித்தாரா என்று கேட்டான். டிசம்பரில் குடித்தார் என்றேன். சமீபத்தில் கேரளா போனீர்களா என்றான். இல்லை, நிச்சயதார்த்தத்துக்குத் தூத்துக்குடி போனோம், அது தமிழ்நாட்டில் இருக்கிறது என்றேன். அவன் அரைக் கணம் யோசித்துவிட்டு, "சேம் சைட்தானே, ஆன்ட்டி?" என்றான். நான் வரைபடத்தை விளக்க ஆரம்பித்தேன், பூரணி என் கையைப் பிடித்து நிறுத்தினாள். இவரைத் தனி அறையில் போட்டுப் பூட்டிவிட்டார்கள். தொண்டையிலிருந்தும் ரத்தத்திலிருந்தும் எடுத்து எங்கோ அனுப்பினார்கள். கண்ணாடிக்கு வெளியே நின்று நான் பார்த்தது இவருடைய கால்களை மட்டும்தான். அந்த இரண்டு நாள் நான் என்ன சாப்பிட்டேன், தூங்கினேனா, ஒன்றும் நினைவில்லை. கட்டடத்து வாட்ஸ்அப் குழுவில் அதற்குள் செய்தி போய்விட்டது என்பது மட்டும் பிறகு தெரிந்தது.

இரண்டாம் நாள் மார்பிலும் முதுகிலும் கொப்புளம் கிளம்பிற்று. முத்து முத்தாக, தண்ணீர் கோர்த்து. கண்ணாடி வழியாக அதைப் பார்த்ததும் நான் கையெடுத்துக் கும்பிட்டேன், பக்கத்தில் நின்ற நர்ஸ் பயந்துபோனாள். சின்னம்மை. ஐம்பத்திரண்டு வயதில் சின்னம்மை வந்தால் ஆளை முறித்துப் போட்டுவிடும் என்பது தெரியும். ஆனால் நிபாவை நினைத்துச் செத்துக்கொண்டிருந்தவளுக்கு அம்மை வந்தது ஆத்தாளே நேரில் வந்த மாதிரி இருந்தது. சாயங்காலம் நிபா இல்லை என்று முடிவும் வந்தது. மாத்திரை எழுதிக் கொடுத்து, கொப்புளம் காயும்வரை வீட்டில் தனியாக வைத்துக்கொள்ளுங்கள் என்று அனுப்பிவிட்டார்கள். எனக்குச் சின்ன வயதிலேயே வந்து போய்விட்டது, பூரணிக்கு ஊசி போட்டிருக்கிறது. பயமில்லை.

எங்கிருந்து வந்தது என்று யோசிக்கவே வேண்டியதில்லை. கிறிஸ்துமஸ் லீவுக்கு மிதாலிதியின் மகன் குடும்பத்தோடு சிங்கப்பூரிலிருந்து வந்திருந்தான். பேரக்குழந்தை பாதி நாள் எங்கள் வீட்டில்தான் இருந்தான், இவர் மடியில் உட்கார்ந்து கேரம் ஆடினான். வருஷப் பிறப்பன்று குழந்தையின் காதுக்குப் பின்னால் கொப்புளம் பார்த்துவிட்டு நான்தான் மிதாலிதியிடம் சொன்னேன். இறால் ஒத்துக்கொள்ளவில்லை, அலர்ஜி என்றார். அதற்குப் பிறகு குழந்தையை வெளியே விடவில்லை. போகிற அன்று கழுத்துவரை ஸ்வெட்டர், குல்லாய், கையில் உறை. சிங்கப்பூர் விமானத்தில் அந்தக் குழந்தைக்குப் பக்கத்தில் யார் யார் உட்கார்ந்தார்களோ, அவர்கள் எந்தெந்த ஊருக்குப் போனார்களோ. அவர்களுக்கு வந்தால் அதை யாரும் எந்த நாட்டுக் காய்ச்சல் என்றும் சொல்லப்போவதில்லை.

இனி நான் செய்த காரியத்தைச் சொல்ல வேண்டும். ஊரில் இருக்கிறவர்களுக்கு இது ஒரு காரியமாகவே தெரியாது. மறுநாள் காலையில் இவரை வீட்டுக்குக் கூட்டிவந்ததும் ஜெனரேட்டர் அறைக்குப் பக்கத்தில் நிற்கும் வேப்பமரத்தில் இரண்டு கொத்து ஒடித்துக்கொண்டு வந்து, எங்கள் ஃபிளாட் நிலையில் செருகினேன். அம்மை கண்ட வீட்டில் வேறு என்ன செய்வார்கள்? வேப்பிலை தொங்கினால் எங்கள் தெருவில் யாரும் கதவைத் தட்ட மாட்டார்கள், என்ன ஏது என்று கேட்க மாட்டார்கள். தாளிக்கிற வாசனை பக்கத்து வீட்டிலிருந்துகூட வராது, சொல்லாமலே அடுப்பை அடக்கிக்கொள்வார்கள். வந்தவர்கள் போயிட்டு வரேன் என்று சொல்லாமல் எழுந்து போவார்கள். உள்ளே ஆத்தா இருக்கிறாள், நீங்கள் தள்ளி நில்லுங்கள், உங்கள் பிள்ளைகளைப் பார்த்துக்கொள்ளுங்கள் என்று மற்றவர்களுக்குச் சொல்கிற மரியாதை அது. நோயை மறைக்கிறவள் வேப்பிலை கட்ட மாட்டாள். மாத்திரையும் கொடுத்தேன், வேப்பிலையும் கட்டினேன். இதில் ஒன்றை விட்டு ஒன்று எனக்கு வராது. இங்கேயும் அம்மையைத் தாயின் தயை என்றுதான் சொல்கிறார்கள், சீதளா என்று ஒரு அம்மன் இருக்கிறாள், ஆகையால் புரிந்துகொள்வார்கள் என்று நினைத்தேன்.

நன்றாகப் புரிந்துகொண்டார்கள். நான் கொத்து ஒடித்ததைக் காவலாளி பார்த்திருந்தான். மத்தியானத்துக்குள் யாரோ மாடியேறி வந்து எங்கள் வாசலைப் போட்டோ எடுத்துக் குழுவில் போட்டுவிட்டார்கள். மூடிய கதவு, மேலே வேப்பிலை, கீழே நான் போட்ட கோலம், பெயர்ப் பலகையில் இவர் பெயர் தெளிவாக. படத்துக்குக் கீழே வங்காளத்தில் என்னவோ எழுதியிருந்தது. பூரணியிடம் கொடுத்து வாசிக்கச் சொன்னேன். அவள் வாசித்துவிட்டுப் போனைத் திருப்பி வைத்துவிட்டாள். திரும்பத் திரும்பக் கேட்டதற்குப் பிறகுதான் சொன்னாள்: "ஆஸ்பத்திரி துரத்தி விட்டுட்டாங்க, அதான் இலை கட்டி வச்சிருக்காங்கன்னு எழுதியிருக்கும்மா." ஆஸ்பத்திரி முடிவைப் போட்டோ எடுத்து, அவளே வங்காளத்தில் நாலு வரி எழுதி, குழுவில் போட்டாள். கட்டைவிரல் தூக்கிய பொம்மைகள் நாலைந்து வந்தன. நிபா இல்லை என்றால் அந்த இலை எதற்கு என்று ஒருவர் கேட்டிருந்தார். மறுநாள் வேலைக்காரப் பெண்ணை எங்கள் மாடிக்கு விடக் கூடாது என்று கேட்டிலேயே நிறுத்திவிட்டார்கள்.

இதே கட்டடம்தான், இதே மனிதர்கள்தான். கொரோனாவில் இவருக்கும் எனக்கும் சேர்ந்து வந்தபோது மிதாலிதி தினமும் பருப்பும் சோறும் கொண்டுவந்து வாசலில் வைத்துவிட்டு, எதிர்ச் சுவரில் சாய்ந்து நின்று, நாங்கள் சாப்பிட்டோம் என்று குரல் கேட்கும்வரை போக மாட்டார். கீழ்வீட்டுக்காரர் எங்களுக்காக ஆக்ஸிமீட்டர் தேடி ஹவுரா வரைக்கும் போய் வந்தார். நானும் தேறி எழுந்ததும் ரசம் வைத்து மூன்று வீட்டுக்குக் கொடுத்தேன். மிளகு நெடியில் இருமிக்கொண்டே குடித்தார்கள். அப்போது எனக்கு இந்த ஊர்மேல் வந்த பிரியம் கொஞ்ச நஞ்சமில்லை. இப்போது யோசித்துப் பார்க்கிறேன். எல்லோருக்கும் வருகிற நோயில் எல்லோரும் நல்லவர்களாக இருந்தோம். ஒரு வீட்டுக்கு மட்டும் வந்ததும் அந்த வீட்டுக்காரன் எந்த ஊர்க்காரன் என்று தேட ஆரம்பித்துவிட்டார்கள். மனசு விட்டுப்போயிற்று.

ஆனால் இதெல்லாம் பெரிசில்லை, வெளியூர்க்காரிதானே, பொறுத்துக்கொள்ளலாம் என்றுதான் இருந்தேன். அந்தப் போட்டோ அங்கே நிற்கவில்லை. லேக் மார்க்கெட் பக்கம் நம் ஆட்கள் இருக்கிறார்கள், நல்லெண்ணெயும் அப்பளமும் வாங்கப் போகும்போது பார்த்துப் பேசிக்கொள்கிற குடும்பங்கள். அவர்களுடைய குழுவுக்கு அது போயிருக்கிறது. பெயர்ப் பலகையைப் பார்த்து ஒரு நல்ல மனசுக்காரர், கொல்கத்தாவில் நம் தமிழ்க் குடும்பத்துக்கு நிபா, பிரார்த்தனை செய்யுங்கள் என்று எழுதி அனுப்ப, அது சென்னை போய், மதுரை போய், தூத்துக்குடியில் பெண்ணின் தாய்மாமன் போனில் போய் விழுந்திருக்கிறது. ஒரே ராத்திரியில். எந்த வைரஸுக்கு இந்த வேகம் உண்டு?

கதிர் கூப்பிட்டான். குரலே சரியில்லை. "அக்கா, அத்தானுக்கு என்ன? உள்ளதச் சொல்லு. பொண்ணு வீட்ல போட்டோவ வச்சிக்கிட்டுக் கேக்காவ, நா என்னன்னு சொல்ல?" என்றான். எனக்கு ஆத்திரம் பொத்துக்கொண்டு வந்தது. அத்தான் எப்படி இருக்கிறார் என்று கேட்டுவிட்டு இதைக் கேட்டிருக்கலாம். ஆனாலும் அவன் பயம் எனக்குத் தெரியும். இந்தப் பெண்ணும் தட்டிப்போனால் அவனுக்கு இனிமேல் கல்யாணம் இல்லை. ஆஸ்பத்திரி முடிவை அனுப்பினேன், டாக்டரிடம் தனியாக எழுதி வாங்கி அனுப்பினேன். கொப்புளத்தை இவர் முகம் தெரியாமல் படம் எடுத்து அதையும் அனுப்பினேன். நிபா இல்லை, வெறும் அம்மை, வெறும் அம்மை என்று தொண்டை வறண்டுபோகும்வரை பெண்ணின் தாய்மாமனிடம் பேசினேன். அவர் கேட்டுக்கொண்டார், மரியாதையாகத்தான் பேசினார். போனை வைத்ததும் அப்பாடா என்று தரையில் உட்கார்ந்துவிட்டேன்.

மறுநாள் கதிர் மறுபடி கூப்பிட்டான். "நிபா இல்லன்னு நம்பிட்டாவ அக்கா. ஆனா அம்மைன்னா..." என்று நிறுத்தினான். "மூணாந் தண்ணி ஊத்தாம நீ எப்படி மணவறைக்கு வருவ? அவுக வீட்டுப் பெரியவங்க கேக்காவ. நம்ம சித்தப்பாவும் அதத்தான் சொல்லுதாரு."

அம்மை இறங்கி, வேப்பிலையும் மஞ்சளும் போட்ட தண்ணீரை ஒன்றுவிட்டு ஒரு நாள் மூன்று தடவை தலைக்கு ஊற்றி முடிக்கிற வரைக்கும் அந்த வீட்டு ஆட்கள் நல்ல காரியத்துக்குப் போவதில்லை. அதிலும் வீட்டுக்காரி போகவே மாட்டாள். இவருக்கு முதல் தண்ணீரே இன்னும் ஊற்றவில்லை, முகூர்த்தத்துக்கு இருந்தது நாலே நாள். நிபா இல்லை என்று நிரூபிக்க நான் ஊரெல்லாம் அம்மை அம்மை என்று சொல்லி வைத்திருக்கிறேன். வேப்பிலையைக் கட்டியவளும் நான்தான். அந்த முறையில் பாதி எனக்கு வேண்டும், பாதி வேண்டாம் என்று எந்த வாயால் சொல்வது? எனக்கு வந்து போய் நாற்பது வருஷம் ஆகிவிட்டது, என்னிடமிருந்து யாருக்கும் தொற்றாது என்று டாக்டர் மாதிரிப் பேசிப் பார்த்தேன். கதிர் உம் கொட்டினான்.

"ஏல கதிரு, மூணாவது முடிச்ச யாரு போடுவா?" என்று கேட்டேன்.

"சித்தப்பா மக இருக்கால்லா," என்றான். பிறகு அவசர அவசரமாக, "நீ வராண்டாம்னு நா சொல்லலக்கா. அங்கேருந்தே வாழ்த்து. வீடியோ கால் போடச் சொல்லுதேன்," என்றான். வர வேண்டாம் என்று அவன் சொல்லியிருந்தால் நான் சண்டை போட்டிருப்பேன். சண்டைக்குக்கூட வழி வைக்காமல் பேசிவிட்டான் என் தம்பி.

அந்த ஆத்திரம் அடங்காமல்தான் எதிர்வீட்டு மணியை அடித்தேன். மிதாலிதி கதவைத் திறந்தார், கம்பிக் கதவைத் திறக்கவில்லை. நான் கோபப்படக் கூடாது என்று தீர்மானித்துக்கொண்டுதான் போனேன். உங்கள் பேரனுக்கு வந்தது அம்மைதான் என்று குழுவில் ஒரே ஒரு வரி எழுதுங்கள், அவனிடமிருந்து இவருக்கு வந்தது என்று தெரிந்தால் இந்தக் கட்டடம் வாயை மூடிக்கொள்ளும், வேலைக்காரப் பெண்ணையாவது உள்ளே விடுவார்கள் என்று எனக்குத் தெரிந்த வங்காளத்தில் சொன்னேன். அவர் என் முகத்தைப் பார்க்கவில்லை. அது அலர்ஜி என்றார். குழந்தை இங்கேயிருந்து போய் இரண்டு வாரத்துக்குள் அவன் வகுப்பில் ஒருவனுக்கு வந்ததாமே, நீங்கள்தானே உங்கள் மகனிடம் போனில் சத்தமாகப் பேசிக்கொண்டிருந்தீர்கள் என்றேன். மிதாலிதியின் கண் கலங்கிவிட்டது. விமானத்தில் மறைத்துக் கூட்டிப்போனது தெரிந்தால் பள்ளிக்கூடத்தில் கேள்வி வரும், மகனுக்கு வேலையில் தொல்லை வரும் என்று மெதுவாகச் சொன்னார். அப்புறம் இங்கே எல்லோரும் என்னைத்தானே ஒதுக்குவார்கள், நான் தனியாக இருக்கிறவள், இத்தனை வயதுக்கு மேல் எங்கே போவேன் என்றார்.

"நீங்கள் எல்லாம் ஒருநாள் உங்கள் ஊருக்குப் போய்விடுவீர்கள், பொடிபு," என்றார், வங்காளத்தில். "நான் இங்கேதானே இருக்க வேண்டும்."

அவர் பொய் சொல்லவில்லை, அப்படித்தான் உண்மையாகவே நினைக்கிறார். எனக்குப் போவதற்கு ஒரு ஊர் இருக்கிறது என்று. பன்னிரண்டு வருஷம் தட்டு மாற்றிச் சாப்பிட்டவர் மனசில் நான் பெட்டியைப் பிரிக்காத ஆளாகவே இருந்திருக்கிறேன். திரும்பி வந்தேன். தாந்த் சேலையைப் பீரோவுக்குள் போட்டேன், டிக்கெட்டை ரத்து செய்தேன். இவர் படுக்கையிலிருந்து, என்னால்தானே உனக்கு இப்படி என்றார். சும்மா கிடங்கள் என்று அதட்டிவிட்டுச் சமையலறைக்குப் போய் அழுதேன்.

கல்யாணத்தன்று இங்கே சரஸ்வதி பூஜை, நம்மைப் போல நவராத்திரியில் இல்லை, இவர்களுக்கு இந்தப் பஞ்சமியில்தான். வங்காளத்தில் அன்றைக்குச் சின்னக் குழந்தை முதல் கல்லூரிப் பெண் வரை மஞ்சள் சேலைதான். பூரணி மஞ்சள் கட்டிக்கொண்டு கல்லூரிப் பூஜைக்குப் போய்விட்டாள். கீழே நம் கட்டடத்திலேயே பந்தல் போட்டிருக்கிறார்களே, அங்கே போகலாமே என்று நான் கேட்கவில்லை, அவளும் சொல்லவில்லை. நான் குளித்து, தலைக்குப் பூ வைத்து, அந்தப் பட்டுப்புடவையைக் கட்டிக்கொண்டேன். எதற்குக் கட்டினேன் என்று கேட்டால் சொல்லத் தெரியாது. பால்கனிக்குப் பக்கத்தில் நாற்காலியைப் போட்டு, எதிரே ஸ்டூலில் போனைச் சாய்த்து வைத்து, கையில் அட்சதையோடு உட்கார்ந்தேன். யாரோ ஒரு பெண் மண்டபத்தில் போனைப் பிடித்துக்கொண்டு நடந்தாள். கூரை தெரிந்தது, யாருடைய கொண்டையோ தெரிந்தது, ஒருவழியாக மணவறை தெரிந்தது. கதிர் மாலைக்குள் பாதி மறைந்து உட்கார்ந்திருந்தான். தலைமுடியைப் பற்றிக் கவலைப்பட்டிருக்கவே வேண்டாம், நன்றாகத்தான் இருந்தான். அவன் பின்னால், நான் நிற்க வேண்டிய இடத்தில், சித்தப்பா மகள் நின்றுகொண்டிருந்தாள்.

கெட்டிமேளம் கொட்டிற்று. கதிர் குனிந்து முதல் முடிச்சைப் போட்டான். நான் அட்சதையில் பாதியைப் போன் மேலே போட்டேன். அரிசி அவன் முகத்தில் பட்டுத் தெறித்துத் தரையில் சிதறியது. இரண்டாவது முடிச்சில் அவன் கை இருக்கும்போது படம் அப்படியே நின்றுவிட்டது. மேளம் மட்டும் இன்னும் இரண்டு அடி அடித்துவிட்டு அதுவும் நின்றது. திரும்பத் திரும்பக் கூப்பிட்டேன், யாரும் எடுக்கவில்லை. கல்யாண வீட்டில் யார் எடுப்பார்கள். மீதி அட்சதை என் உள்ளங்கையில் வியர்வையில் ஒட்டிக்கொண்டிருந்தது.

கொஞ்ச நேரம் கழித்துக் கதிரே கூப்பிட்டான். நன்றாக நடந்தது அக்கா, பார்த்தாயா என்றான். பார்த்தேன் என்றேன். அத்தான் எப்படி இருக்கிறார் என்றான், இந்தத் தடவை முதலில் அதைக் கேட்டான். பிறகு தயங்கினான். "அக்கா, பொண்ணு வீட்ல நாத்தனார் சேல எடுத்து வச்சிருந்தாவல்லா. முடிச்சுப் போட்டவளுக்குத்தான் அதக் குடுக்கணும்னு சொல்லுதாவ. குடுத்துறவா?"

"குடுத்துரு," என்றேன். "கட்டுனவளுக்குத்தான் சேலை." எனக்கு அந்தச் சேலை வேண்டியதில்லை. ஆனால் கேட்காமல் கொடுத்திருக்கலாம் என்று தோன்றியது. கேட்டதற்காக அவனை ஒரு அறை விட வேண்டும் போலவும் இருந்தது, என் கூடப் பிறந்தவன், நல்லாயிருக்கட்டும்.

அப்போது கீழே சங்கு ஊதினார்கள். பெண்கள் நம் ஊர் மாதிரியே குலவை போட்டார்கள். எழுந்து பால்கனிக்குப் போனேன். பந்தலுக்கு வெளியே மஞ்சள் சேலைகள் நெருக்கி நின்றன, எல்லோர் கையிலும் பூ. புரோகிதர் ஒவ்வொரு வரியாகச் சொல்ல, திரும்பச் சொல்லிக்கொண்டிருந்தார்கள். வருஷா வருஷம் நானும் அந்தக் கூட்டத்தில் நிற்பேன், என் உச்சரிப்பைக் கேட்டு மிதாலிதி இடுப்பில் இடிப்பார். இந்த வருஷம் கூட்டத்தின் ஓரத்தில் நின்றிருந்தவர் என்னவோ தோன்றி நிமிர்ந்து பார்த்தார். ஐந்தாம் மாடியில் பட்டுப்புடவையோடு நிற்கிற என்னைக் கண்டதும், நான் கீழே இறங்கிவரக் கிளம்பிவிட்டேன் என்று நினைத்திருக்க வேண்டும். முகம் ஒரு மாதிரி ஆயிற்று. சட்டென்று இரண்டு கையையும் தூக்கி, கும்பிடுகிற மாதிரி காட்டி, சத்தமாகச் சொன்னார்.

"ஓகான் தேகேயி கொரோ, பொடிபு!"

அங்கிருந்தே செய் என்று அர்த்தம். சொல்லிவிட்டுச் சிரித்தார், அன்பாகத்தான் சிரித்தார். தம்பியும் அன்பாகத்தான் சொன்னான். இரண்டு ஊரும் ஒரே வார்த்தையை எனக்குச் சொல்லிவிட்டன, நான் எங்கே நிற்கிறேன் என்று இரண்டு பேரும் யோசிக்கவில்லை. புரோகிதர் மந்திரத்தை முடித்தார், கீழே எல்லோரும் பூவை வீசினார்கள். என் உள்ளங்கையில் அந்த மூன்றாவது முடிச்சுக்கான அட்சதை இன்னும் இருந்தது. கம்பிக்கு வெளியே கையை நீட்டி, விரலை விரித்துவிட்டேன். வாழ்த்தித்தான் போட்டாயா என்று என்னைக் கேட்காதீர்கள். ஐந்தாம் மாடியிலிருந்து விழுந்த அரிசி யார் தலையில் விழுந்தது என்று எனக்குத் தெரியவில்லை.